சாந்தோஸின் நினைவுநூலை நம்பிக் கொலம்பியப் போரைப் புரிந்துகொள்ளலாமா?

கேள்வி இதுதான்: "கொலம்பியாவின் முன்னாள் அதிபர் ஹுவான் மானுவல் சாந்தோஸ் எழுதிய 'சமாதானத்துக்கான போர்' நூலைப் படிக்கத் தொடங்கியிருக்கிறேன். நோபல் பரிசு வாங்கியவர் தன் சாதனையைத் தானே எழுதியது. இதை நம்பி அந்த நாட்டின் ஐம்பதாண்டு உள்நாட்டுப் போரைப் புரிந்துகொள்ளலாமா?"

கியூபாவின் ஹவானாவில் அவருடைய அரசு கெரில்லாக்களோடு நடத்திய பேச்சுவார்த்தையைப் பற்றி என்றால், தாராளமாக நம்பிப் படியுங்கள். அந்த மேசையைப் பற்றி அவரளவுக்குத் தெரிந்தவர்கள் மிகச் சிலர். போரைப் பற்றி என்றால், பக்கத்தில் இன்னொரு நூலை வைத்துக்கொண்டு படியுங்கள். ஏன் என்று விரிவாகச் சொல்கிறேன். நான் வாசித்தது 2021இல் வந்த ஆங்கிலப் பதிப்பு. ஸ்பானிய மூலம் 2019இல், அவர் பதவியை விட்டு இறங்கிய மறு ஆண்டு வந்தது. ஸ்பெயினின் முன்னாள் பிரதமர் ஃபெலிப்பே கொன்சாலெஸ் அதற்கு முன்னுரை எழுதினார்.

முதலில் எழுதியவர் யார் என்று பார்த்துவிடுவோம். சாந்தோஸ் 1951இல் போகோட்டாவில் பிறந்தவர். நாட்டின் முதன்மையான நாளிதழான 'எல் தியெம்போ' அவர் குடும்பத்தின் கையில் இருந்தது. அவருடைய பெரிய தாத்தா முறையான எத்வார்தோ சாந்தோஸ் 1938 முதல் 1942 வரை நாட்டின் அதிபர். இவர் இளம் வயதில் கடற்படைப் பயிற்சி மாணவர், பிறகு பொருளியல் படித்தவர், பல அரசுகளில் அமைச்சர். 2006 ஜூலை முதல் 2009 மே வரை, அதிபர் அல்வாரோ உரீபேயின் கீழ் பாதுகாப்பு அமைச்சர். 2010 முதல் 2018 வரை அதிபர். போரை நடத்தியவரும் அதே போரை முடித்தவரும் ஒரே ஆள். நூலின் சுவையும் சிக்கலும் இரண்டுமே இங்கேதான் தொடங்குகின்றன.

போரின் வேர் அவர் பிறப்பதற்கு முன்பே ஊன்றப்பட்டது. 1948 ஏப்ரல் 9 அன்று லிபரல் கட்சியின் மக்கள் தலைவர் ஹோர்ஹே எலியேசர் கயித்தான் போகோட்டாவின் நடுத்தெருவில் சுட்டுக் கொல்லப்பட்டார். தலைநகரம் எரிந்தது. லிபரல் கட்சியாரும் கன்சர்வேட்டிவ் கட்சியாரும் கிராமம் கிராமமாக வெட்டிக்கொண்டார்கள். சுமார் 2 லட்சம் பேர் மாண்டார்கள். 1958இல் இரு கட்சித் தலைமைகளும் கூடி, அதிபர் பதவியை மாறி மாறி வைத்துக்கொள்வதாக ஒப்பந்தம் போட்டன. அது 1974 வரை நீடித்தது. மேலே இருந்தவர்களுக்குள் சண்டை ஓய்ந்தது. நிலமில்லாத உழவர்களுக்கு அந்த ஏற்பாட்டில் இடமே இல்லை. 1964இல் மார்க்கெத்தாலியா என்ற மலைப்பகுதியில் ஆயுதத்தோடு குடியிருந்த உழவர்கள் மீது ராணுவம் பாய்ந்தது. தப்பியவர்களில் ஒருவர் மனுவேல் மருலாந்தா. அந்தக் கூட்டத்திலிருந்து வளர்ந்ததுதான் ஃபார்க் என்ற கெரில்லாப் படை. மருலாந்தா 2008இல் காட்டுக்குள்ளேயே மாரடைப்பில் இறக்கும்வரை அதன் தலைவர்.

இந்த நீண்ட வரலாற்றில் இரண்டு அவநம்பிக்கைகளை மட்டும் மனத்தில் பதித்துக்கொண்டால், நூலின் மீதிப் பாதி தானாகத் திறந்துவிடும்.

ஒன்று, கெரில்லாவின் அவநம்பிக்கை. 1984இல் அதிபர் பெத்தான்கூர் ஃபார்க்குடன் போர்நிறுத்தம் செய்தார். அதன் விளைவாக 1985இல் 'தேசபக்த ஒன்றியம்' என்ற கட்சி பிறந்தது. தேர்தலில் நின்றார்கள், வென்றார்கள், வரிசையாகக் கொல்லப்பட்டார்கள். அதிபர் தேர்தல் வேட்பாளராக நின்ற ஹைமே பார்தோ லெயால் 1987இலும், பெர்னார்தோ ஹராமில்யோ 1990இலும் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். 2023இல் அமெரிக்க நாடுகளின் மனித உரிமை நீதிமன்றம், பாதிக்கப்பட்டவர்கள் 6,000க்கும் மேல் என்று சொல்லிக் கொலம்பிய அரசைப் பொறுப்பாக்கித் தீர்ப்பளித்தது. ஆயுதத்தைக் கீழே வைத்தால் என்ன நடக்கும் என்று ஒரு ஃபார்க் தளபதியிடம் கேட்டிருந்தால், அவர் இந்தக் கல்லறைகளைத்தான் காட்டியிருப்பார்.

மற்றது, மக்களின் அவநம்பிக்கை. 1998இல் அதிபரான ஆந்த்ரேஸ் பாஸ்த்ரானா, பேச்சுவார்த்தைக்காகக் காகுவான் பகுதியில் சுமார் 42,000 சதுர கிலோமீட்டரிலிருந்து ராணுவத்தை விலக்கிக்கொண்டார். கேரளத்தைவிடப் பெரிய பரப்பு. 1999 ஜனவரி 7, தொடக்க விழா. மேடையில் அதிபருக்குப் பக்கத்தில் போட்டிருந்த நாற்காலியில் மருலாந்தா வந்து உட்காரவே இல்லை. அந்தக் காலி நாற்காலியின் படம் கொலம்பியர்களின் மனத்தில் அப்படியே தங்கிவிட்டது. மூன்று ஆண்டுகள் பேச்சு நடந்தது. ஃபார்க் அந்தப் பகுதியைப் பிணைக்கைதிகளை அடைத்துவைக்கவும் படை திரட்டவும் பயன்படுத்தியது. நெடுஞ்சாலையை மறித்து, வருகிற வண்டிகளில் பணக்காரர் யார் என்று பார்த்து இழுத்துச் சென்றார்கள். அதற்கு மக்கள் வைத்த பெயர் 'அற்புத மீன்பிடிப்பு'. விவிலியத்தில் வலை கிழியும் அளவு மீன் விழுந்த கதையிலிருந்து எடுத்த பெயர். 2002 பிப்ரவரியில் பேச்சு முறிந்தது. "இனி அடித்து நொறுக்குவதுதான் வழி" என்ற உரீபே அதே ஆண்டு அதிபரானார். அவருடைய தந்தையை 1983இல் கடத்த வந்த ஃபார்க், பண்ணையிலேயே கொன்றுவிட்டது என்பது அவர் குடும்பம் சொல்லும் வரலாறு. அவரும் 2012இல் ஒரு நினைவுநூல் எழுதியிருக்கிறார். பாஸ்த்ரானாவும் 2005இல் எழுதினார். ஒரே போரைப் பற்றி மூன்று அதிபர்களின் மூன்று நூல்கள்.

சாந்தோஸும் உரீபேயும் பிரிந்த இடம் ஒரு சொல். கேட்பதற்குச் சின்ன விஷயமாகத் தோன்றும். என்னைப் பொறுத்தவரை நூலிலேயே முக்கியமான பகுதி இதுதான்.

உரீபே தம் எட்டு ஆண்டு ஆட்சியில் 'உள்நாட்டு ஆயுத மோதல்' என்ற சொல்லை ஏற்கவே இல்லை. ஒரு மக்களாட்சி இருக்கிறது, அதைத் தாக்கும் பயங்கரவாதிகள் இருக்கிறார்கள், அவ்வளவுதான் என்றார். 2011 ஜூன் மாதம் சாந்தோஸ் கையெழுத்திட்ட 1448ஆம் எண் சட்டம், பாதிக்கப்பட்டோருக்கான இழப்பீடும் பறிக்கப்பட்ட நிலத்தைத் திருப்பித் தருவதும் பற்றியது. அதில் 'ஆயுத மோதல்' என்ற சொல் இருந்தது. உரீபே கொதித்தார். ஏன்? மோதல் என்று ஒப்புக்கொண்டால் இரு தரப்பு உண்டு. இரு தரப்பு உண்டென்றால் போர்ச் சட்டங்கள் இரண்டுக்கும் பொருந்தும். அரசுப் படையால் செத்தவரும் 'பாதிக்கப்பட்டவர்' பட்டியலில் வருவார். எதிரில் இருப்பவரோடு பேசவும் வழி பிறக்கும். பயங்கரவாதம் என்று மட்டும் சொன்னால் இது எதுவுமே இல்லை, வேட்டை மட்டும்தான். சமாதானத்துக்கான முதல் கதவு ஹவானாவில் திறக்கவில்லை, இந்தச் சட்டத்தின் சொல்லில் திறந்தது என்றே நான் கருதுகிறேன். அதைத் துணிந்து எழுதியதற்காகச் சாந்தோஸுக்குரிய மரியாதையை நான் முழு மனத்தோடு தருவேன்.

இனி ஹவானா. பதவியேற்ற மூன்றே நாளில், 2010 ஆகஸ்ட் 10 அன்று, சாந்தோஸ் வெனிசுவேலா அதிபர் சாவேஸைச் சாந்தா மார்த்தாவில், தென் அமெரிக்க விடுதலை வீரர் பொலிவார் உயிர்விட்ட பண்ணைவீட்டில் சந்தித்தார். எல்லைக்கு அப்பால் கெரில்லாவுக்குப் புகலிடம் இருக்கும்வரை போர் முடியாது என்ற கணக்கு. 2012 பிப்ரவரி முதல் ஆகஸ்ட் வரை ஹவானாவில் ரகசியமாகப் பேசினார்கள். அரசுத் தரப்பில் சென்றவர்களில் அதிபரின் அண்ணன் என்ரிக்கே சாந்தோஸ் ஒருவர். எழுபதுகளில் கார்சியா மார்க்கெஸோடு சேர்ந்து இடதுசாரி இதழ் நடத்திய பத்திரிகையாளர் அவர். அதிபர் தன் சொந்த அண்ணனை அனுப்பியிருக்கிறார் என்பதே எதிர்த்தரப்புக்கு ஓர் உத்தரவாதமாக இருந்தது.

காகுவானில் பட்ட சூட்டிலிருந்து சாந்தோஸ் கற்ற பாடங்கள் திட்டவட்டமானவை. பேச்சு நாட்டுக்கு வெளியே. ஒரு சதுர அடி நிலத்திலிருந்தும் ராணுவம் விலகாது. ஆறே அம்சங்கள்: ஊரக நிலம், அரசியல் பங்கேற்பு, போரை முடிப்பது, போதைப்பொருள், பாதிக்கப்பட்டோர், நிறைவேற்றமும் கண்காணிப்பும். எல்லாவற்றிலும் உடன்பாடு வரும்வரை எதிலும் உடன்பாடு வந்ததாகக் கொள்ளப்படாது. ஓய்வுபெற்ற ராணுவத் தளபதி மோராவையும் காவல்துறைத் தளபதி நரான்ஹோவையும் பேச்சு மேசையிலேயே உட்காரவைத்தார். நாளைக்கு ராணுவம் "எங்களை விற்றுவிட்டார்கள்" என்று சொல்லக்கூடாது அல்லவா?

நம் வாசகர்களுக்கு நார்வேயின் பெயர் புதிதல்ல. 2002இல் இலங்கைப் போர்நிறுத்தத்துக்கு இடைநின்ற அதே நாடு, இங்கே கியூபாவோடு சேர்ந்து உத்தரவாத நாடாக நின்றது. ஆனால் வரிசை வேறு. இலங்கையில் போர்நிறுத்தம் முதலில் வந்தது, பேச்சு பின்னால் வந்தது. கொலம்பியாவில் இருதரப்புப் போர்நிறுத்தம் ஏறக்குறைய கடைசியில், 2016இல்தான் வந்தது. அதுவரை ஒருபக்கம் பேச்சு, மறுபக்கம் குண்டுவீச்சு. பேச்சே இல்லை என்பதுபோல் போரிடு, போரே இல்லை என்பதுபோல் பேசு. இஸ்ரேலின் முன்னாள் பிரதமர் ராபின் பின்பற்றிய வழி இது.

அந்த வழிக்கு ஒரு விலை உண்டு. 2011 நவம்பர் 4 அன்று ராணுவம் ஃபார்க்கின் அப்போதைய தலைவர் அல்ஃபோன்சோ கானோவைக் காவுகா பகுதியில் கொன்றது. அந்த நேரத்தில் இரு தரப்புக்கும் ரகசியத் தொடர்பு ஏற்கெனவே தொடங்கியிருந்தது. அதற்குச் சம்மதித்தவரே கானோதான். தன்னோடு பேச ஒப்புக்கொண்டவரைக் கொல்ல அனுமதித்த முடிவைச் சாந்தோஸ் மறைக்கவில்லை, அதை நியாயப்படுத்துகிறார். அந்த வாதம் எனக்கு உடன்பாடில்லை. அந்தக் கொலைக்குப் பிறகும் புதிய தலைவர் தீமொச்சென்கோ பேச்சை முறிக்காமல் தொடர்ந்தார். அந்த முடிவுக்கும் சமாதானத்தில் பாதிப் பங்கு உண்டு. ஓர் அதிபரின் நினைவுநூலில் எதிராளியின் பொறுமைக்குக் கிடைக்கும் இடம் எப்போதும் குறைவு. இதைச் சரிசெய்துகொள்ள அரசின் தலைமைப் பேச்சாளர் ஹும்பெர்தோ தெ லா காயே எழுதிய நூலும், அண்ணன் என்ரிக்கேயின் நூலும் உதவும்.

2014இல் ஐந்து குழுக்களாக 60 பாதிக்கப்பட்டவர்கள் ஹவானாவுக்குப் போனார்கள். தங்கள் பிள்ளைகளைக் கொன்றவர்களின் முகத்தைப் பார்த்துப் பேசினார்கள். எந்தத் தரப்பால் பாதிக்கப்பட்டவர்கள் என்ற வேறுபாடு இல்லாமல் ஒன்றாக உட்கார்ந்தார்கள். நூலை அவசரமாகப் படித்தாலும் இந்தக் கட்டத்தில் நின்று படியுங்கள்.

2016 செப்டம்பர் 26, கார்த்தஹேனாவில் துப்பாக்கிக் குண்டை உருக்கிச் செய்த பேனாவால் சமாதான ஒப்பந்தத்தில் கையெழுத்து. ஆறு நாள் கழித்துப் பொதுவாக்கெடுப்பு. 'வேண்டாம்' 50.2 விழுக்காடு, 'வேண்டும்' 49.8. வித்தியாசம் 54,000 வாக்குக்கும் குறைவு. வாக்களித்தவர்கள் 38 விழுக்காட்டைக்கூடத் தொடவில்லை. அந்த வாக்கெடுப்பு சட்டப்படி கட்டாயமும் இல்லை, சாந்தோஸ் தானாக விரும்பி வைத்தது. மக்களைக் கோபத்தோடு வாக்களிக்க வைப்பதுதான் தங்கள் உத்தி என்று 'வேண்டாம்' அணியின் பிரச்சார மேலாளரே சில நாளில் பேட்டியில் சொன்னார். பொய்ப் பிரச்சாரம் நடந்தது உண்மை. ஆனால் தோல்வி முழுவதையும் அதன் தலையில் கட்டினால், ஒரு கடத்தலில் மகனை இழந்த தாயின் கேள்வி காணாமல் போய்விடும். கொன்றவர்கள் சிறைக்குப் போகமாட்டார்கள், நாடாளுமன்றத்துக்குப் போவார்கள் என்பது அவள் காதில் எப்படி விழுந்திருக்கும்? ஒப்பந்தத்தைத் திருத்தி, நவம்பரில் மீண்டும் கையெழுத்திட்டு, இம்முறை நாடாளுமன்ற ஒப்புதலோடு நிறைவேற்றினார். மக்கள் வேண்டாம் என்றதை மக்களிடம் மறுபடி கேட்கவில்லை. இந்தப் புண் இன்றுவரை ஆறவில்லை. நூல் இதை வேகமாகக் கடந்துவிடுகிறது என்பது என் குறை.

பொஹாயா என்ற ஊரையும் சொல்லவேண்டும். 2002 மே 2 அன்று, கெரில்லாக்களை எதிர்த்து உருவான வலதுசாரி ஆயுதக் குழுவோடு நடந்த சண்டையில் ஃபார்க் எறிந்த எரிவாயு உருளைக் குண்டு, மக்கள் ஒதுங்கியிருந்த தேவாலயத்தின் மீது விழுந்தது. குழந்தைகள் உட்பட எத்தனையோ பேர் ஒரே நொடியில் போனார்கள். அந்த ஊர் 96 விழுக்காடு 'வேண்டும்' என்று வாக்களித்தது. நோபல் பரிசு அறிவித்த மறுநாளுக்கு மறுநாள் சாந்தோஸ் அங்கேதான் போனார். பரிசுத் தொகை 80 லட்சம் ஸ்வீடிஷ் குரோனரையும் பாதிக்கப்பட்டோருக்குத் தருவதாக அங்கே அறிவித்தார்.

இனி, நூலைக் கையில் வைத்துக்கொண்டு நீங்கள் அதிக நேரம் யோசிக்க வேண்டிய இடம்.

2008இல், போகோட்டாவை ஒட்டிய ஏழைக் குடியிருப்பான சொவாச்சாவிலிருந்து இளைஞர்கள் காணாமல் போனார்கள். வேலை தருவதாகச் சொல்லி அழைத்துப்போயிருந்தார்கள். நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் தள்ளி, ஒகான்யா பகுதியில், 'சண்டையில் கொல்லப்பட்ட கெரில்லாக்கள்' என்ற கணக்கில் அவர்களின் உடல்கள் கிடைத்தன. சீருடையை மாட்டி, கையில் துப்பாக்கியை வைத்துக் காட்டியிருந்தார்கள். ராணுவத்தில் வெற்றியைப் பிணக்கணக்கால் அளந்தார்கள். எண்ணிக்கை கூடினால் விடுப்பு, பதக்கம், பதவி உயர்வு. 'போலி வெற்றிகள்' என்று பெயர் வந்தது. 2002 முதல் 2008 வரை இப்படிக் கொல்லப்பட்டவர்கள் குறைந்தது 6,402 பேர் என்று சமாதானத்துக்கான சிறப்பு நீதிமன்றம் 2021இல் கணக்கிட்டது. இந்த நீதிமன்றமே சாந்தோஸின் ஒப்பந்தத்தால் பிறந்ததுதான். அந்த ஏழு ஆண்டுகளில் கடைசி இரண்டரை ஆண்டுகள் பாதுகாப்பு அமைச்சர் சாந்தோஸ்.

அவர் தரப்பு இது: ஆரம்பத்தில் வதந்தியென்று நினைத்தேன். உண்மை தெரிந்ததும் நிறுத்தினேன். இதில் உண்மை இருக்கிறது. கொல்வதைவிடச் சிறைபிடிப்பது மேல், அதைவிடச் சரணடைய வைப்பது மேல் என்ற உத்தரவு 2007இலேயே வந்தது. 2008 அக்டோபரில் ஜெனரல்கள் உட்பட 27 ராணுவத்தினர் பணிநீக்கம் செய்யப்பட்டார்கள். அதன்பின் எண்ணிக்கை சரிந்தது. 2021 ஜூன் மாதம், ஒப்பந்தப்படி அமைந்த உண்மை ஆணையத்தின் முன் உட்கார்ந்து, இது ஒருபோதும் நடந்திருக்கக் கூடாது என்று ஒப்புக்கொண்டு அந்தத் தாய்மார்களிடம் மன்னிப்புக் கேட்டார். இரண்டு மாதம் கழித்து, ஆணையத்தின் தலைவரான பாதிரியார் ஃபிரான்சிஸ்கோ தெ ரூ, உரீபேயை அவருடைய பண்ணைக்கே தேடிச்சென்று பேசினார். அந்த ஆணையத்தின் தகுதியையே ஏற்க உரீபே மறுத்தார். இருவரையும் ஒரே தட்டில் வைக்க என்னால் முடியாது.

ஆனாலும் நினைவுநூலின் எடையைக் கவனியுங்கள். அதே 2008 ஜூலை 2 அன்று, ஒரு குண்டும் வெடிக்காமல், போலித் தொண்டு நிறுவனத்தின் ஹெலிகாப்டரில் ஏற்றி அதிபர் வேட்பாளராக இருந்தபோது கடத்தப்பட்ட இங்ரிட் பெத்தான்கூர் உட்பட 15 பிணைக்கைதிகளை மீட்டார்கள். ஒருவர் செஞ்சிலுவைச் சின்னம் அணிந்திருந்ததற்காக அரசு பிறகு வருத்தம் தெரிவிக்க நேர்ந்தது. இருந்தாலும் வியக்கத்தக்க செயல்தான். அந்தக் கதையைச் சொல்லும்போது சாந்தோஸ் திட்டம் தீட்டியவராக, முடிவெடுத்தவராக நடுவில் நிற்கிறார். சொவாச்சா என்று வரும்போது, எங்கோ கீழே நடந்ததைக் கண்டுபிடித்துத் தடுத்தவராக நிற்கிறார். இரண்டும் ஒரே அமைச்சகம், ஒரே ஆண்டு.

நூலின் துணைத்தலைப்பையும் பாருங்கள். உலகின் மிகப் பழைய கெரில்லாவுடனான மோதலை முடித்த நீண்ட பாதை என்கிறது. ஆக இது கெரில்லாவுடனான போரின் கதை. 2022இல் வந்த உண்மை ஆணையத்தின் அறிக்கை, 1985 முதல் 2018 வரை மாண்டவர்கள் 4,50,664 பேர் என்கிறது. பத்தில் எட்டுப் பேர் பொதுமக்கள். கொன்றவர்களில் வலதுசாரி ஆயுதக் குழுக்களின் பங்கு 45 விழுக்காடு, கெரில்லாக்கள் எல்லாரும் சேர்ந்து 27, அரசுப் படைகள் 12. நிலத்துக்காக ஊரையே காலிசெய்த அந்த 45 விழுக்காட்டின் வரலாற்றைத் தேடினால் சாந்தோஸின் நூல் உங்களுக்குப் போதாது. ஃபார்க்கின் கொடுமையையும் குறைத்து எடைபோட வேண்டாம். அது செய்த ஆள்கடத்தலில் சிக்கியவர்கள் 21,396 பேர் என்று அதே சிறப்பு நீதிமன்றம் பதிவுசெய்தது. 2025 செப்டம்பரில் அதன் முன்னாள் தலைவர்கள் ஏழு பேருக்கு சிறைக்குப் பதிலாக, பாதிக்கப்பட்டோருக்கு ஈடுசெய்யும் எட்டு ஆண்டுப் பணியைத் தண்டனையாக விதித்தது.

அதனால் ஹவானா அத்தியாயங்களை முதலில் படியுங்கள். பிறகு பின்னால் போய் 2006 முதல் 2009 வரையிலான பகுதியை ஆணைய அறிக்கையோடு ஒப்பிட்டுப் படியுங்கள். நூல் முடிந்த பிறகு நடந்தவையும் உண்டு. அது வெளிவந்த 2019இலேயே, ஆகஸ்ட் மாதம், ஹவானாவில் ஃபார்க்கின் தலைமைப் பேச்சாளராக இருந்த இவான் மார்க்கெஸ் மறுபடி துப்பாக்கியோடு காணொளியில் தோன்றினார். அதே ஆண்டு அக்டோபரில், பாதிக்கப்பட்டோர் அமைப்புகள் போகோட்டாவில் ராணுவப் பயிற்சிக் கல்லூரிக்கு எதிரே ஒரு சுவரோவியம் தீட்டின. ராணுவ அதிகாரிகளின் முகங்கள், கொல்லப்பட்டோர் எண்ணிக்கை, மேலே "யார் உத்தரவிட்டது?" என்ற கேள்வி. அன்றிரவே ராணுவத்தினர் வந்து வெள்ளையடித்தார்கள். ஆனால் அதற்குள் படம் கைபேசிகள் வழியே நாடு முழுக்கப் பரவியிருந்தது. 2021இல் அரசியலமைப்பு நீதிமன்றம் அந்த ஓவியத்துக்குப் பாதுகாப்பு உண்டென்று தீர்ப்பளித்தது.